அந்த வீட்டுக்குள் கேமராவோடு போகிறவர்களுக்கு

ஆவணப்படம் எடுக்கக் கிளம்பும் பிள்ளைகள் என்னிடம் கொண்டுவரும் யோசனைகளில் ஒன்று இப்போதெல்லாம் அடிக்கடி தலைகாட்டுகிறது: வெறுப்பையே கொள்கையாக வைத்து வாழும் ஒரு குடும்பம், அதற்குள் வளரும் ஒரு குழந்தை. ஏன் என்று புரிகிறது. தலால் டெர்க்கியின் 'ஆஃப் ஃபாதர்ஸ் அண்ட் சன்ஸ்' பார்த்த எவருக்கும் கை துறுதுறுக்கத்தான் செய்யும். எடுங்கள், வேண்டாமென்று சொல்லமாட்டேன். பிறர் எடுத்துவந்த காட்சிகளை எடிட்டிங் அறையில் வெட்டி ஒட்டியே தலை நரைத்தவன் நான். அந்த உரிமையில் சிலவற்றைச் சொல்லிவைக்கிறேன். எண் போட்டிருப்பது, எதை ஒத்துக்கொள்ளவில்லை என்று நீங்கள் சண்டை பிடிக்க வசதியாக இருக்கட்டும் என்பதற்காக.

1. கிளம்புமுன் பார்க்க வேண்டியதைப் பார்த்துவிடுங்கள். டெர்க்கி டமாஸ்கஸில் பிறந்தவர், பெர்லினில் குடியேறியவர். சிரியாவின் இத்லிப் மாகாணத்தில் அல்-நுஸ்ரா என்ற ஜிஹாதி அமைப்பைச் சேர்ந்த அபு ஒசாமா என்பவரின் வீட்டில் இரண்டு வருடங்களுக்கும் மேலாகப் போய்த் தங்கித் தங்கி அந்தப் படத்தை எடுத்தார். 2018 சண்டான்ஸ் விழாவில் உலக ஆவணப்படப் பிரிவின் முதன்மைப் பரிசு அதற்குத்தான். அடுத்த வருடம் ஆஸ்கர் பரிந்துரைப் பட்டியலிலும் இருந்தது. அதோடு நிறுத்திவிடாதீர்கள். துனீசியாவின் கவ்தர் பென் ஹனியா எடுத்த 'ஃபோர் டாட்டர்ஸ்' (2023), அமெரிக்காவில் ஹெய்டி யூயிங்கும் ரேச்சல் கிரேடியும் எடுத்த 'ஜீசஸ் கேம்ப்' (2006), கான்சஸ் மாநிலத்து வெஸ்ட்பரோ பாப்டிஸ்ட் சபையைப் பற்றி லூயி தெரூ பிபிசிக்காக 2007, 2011, 2019 ஆண்டுகளில் செய்த மூன்று படங்கள், எல்லாவற்றையும் பாருங்கள். ஒரே மதத்தைப் பற்றிய படங்களை மட்டும் பார்த்துவிட்டுப் போனால், நீங்கள் எடுப்பதும் அந்த மதத்தைப் பற்றிய படமாகிவிடும். குடும்பம் காணாமல் போய்விடும். இவர்கள் எல்லோரையும் ஒரே தட்டில் வைக்கிறேன் என்று நினைத்துவிட வேண்டாம். துப்பாக்கி தூக்கியவரும் பதாகை தூக்கியவரும் ஒன்றல்ல. பிள்ளை வளர்க்கிற விதத்தில் என்ன ஒற்றுமை இருக்கிறது என்பதுதான் உங்கள் கவலை.

2. அந்த அப்பா நல்ல அப்பாவாக இருப்பார். இதற்குத் தயாராகப் போங்கள்.

புதியவர்கள் எல்லோரும் தடுமாறும் இடம் இது. அபு ஒசாமாவுக்கு எட்டு மகன்கள். பெரியவர்கள் இருவருக்கும் அல்-காயிதா தலைவர்களின் பெயர்களை வைத்திருக்கிறார். ஆனால் படத்தில் அவர் முக்கால்வாசி நேரமும் என்ன செய்கிறார்? பிள்ளைகளை மடியில் போட்டுக் கொஞ்சுகிறார், முத்தம் கொடுக்கிறார், அவர்களோடு சிரித்து விளையாடுகிறார். புதைத்த கண்ணிவெடிகளைத் தோண்டி எடுத்துச் செயலிழக்கச் செய்யும் அதே கை பிள்ளையின் தலையைக் கோதுகிறது. பையன்கள் ஒரு சிறு பறவையைப் பிடித்துக் கழுத்தை அறுத்துவிடுகிறார்கள். அப்பா ஒரு மனிதனுக்குச் செய்ததைப் போலவே தாங்களும் செய்ததாக ஒருவன் பெருமையோடு சொல்கிறான். பாராட்டை எதிர்பார்க்கும் பிள்ளை முகம் அது. கணக்கு சரியாகப் போட்டு நோட்டைக் கொண்டுவந்து காட்டும் பிள்ளைக்கும் அதே முகம்தான்.

எடிட்டிங்கில் உட்காரும்போது என்ன நடக்கும் தெரியுமா? கொஞ்சுகிற காட்சிகளை வெட்டச் சொல்லி உள்ளுக்குள் ஒரு குரல் கேட்கும். பார்ப்பவர்கள் அந்த ஆளை விரும்பிவிடுவார்களே என்ற பயம். தயாரிப்பாளர் அதையே வாய்விட்டுச் சொல்லுவார். வெட்டாதீர்கள். அன்பைத் தனியாகவும் வெறுப்பைத் தனியாகவும் அந்த வீட்டில் யாரும் பரிமாறுவதில்லை. பருப்புச் சோற்றில் நெய் விட்டுப் பிசைந்து ஊட்டுகிற மாதிரி சேர்த்தேதான் ஊட்டுகிறார்கள். அப்பாவைப் பிடிக்காத பிள்ளையாக இருந்தால் அவர் சொல்லுவதை ஏன் நம்பப் போகிறான்? அந்த அப்பாவை வெறும் கொடூரனாகக் காட்டினால் பார்ப்பவர்களுக்கு நிம்மதி. நம் வீட்டில் அப்படி யாரும் இல்லை என்று எழுந்து போய்விடுவார்கள்.

மேகன் ஃபெல்ப்ஸ்-ரோப்பரும் இதைத்தான் திரும்பத் திரும்பச் சொல்கிறார். வெஸ்ட்பரோ சபையை நிறுவிய ஃப்ரெட் ஃபெல்ப்ஸின் பேத்தி அவர். தன்பாலின ஈர்ப்பாளர்களைச் சபிக்கும் பதாகைகளோடு டொபீகா நகரத் தெருக்களில் நின்றதற்காகவும், போரில் இறந்த அமெரிக்கப் படைவீரர்களின் இறுதிச் சடங்கு நடக்கும் இடங்களில் ஆர்ப்பாட்டம் செய்ததற்காகவும் ஊரே காறித் துப்பிய குடும்பம். மேகன் ஐந்து வயதில் பதாகை பிடித்தவர். அப்படியிருந்தும் தன் குழந்தைப் பருவத்தை நினைக்கும்போது அவர் சிரிப்பையும் பாட்டையும் அம்மாவின் அக்கறையையும் விட்டுவிடுவதில்லை. அவருடைய தாத்தாவையே எடுத்துக்கொள்ளுங்கள். ஒரு காலத்தில் கறுப்பின மக்களின் உரிமைக்காக நீதிமன்றத்தில் வாதாடிய வழக்கறிஞர் அவர். இதையெல்லாம் சுருக்கி ஒரு வரி விளக்கவுரையில் அடைக்க முடியாது. முயற்சியும் வேண்டாம்.

3. வெளியே இருந்து வரும் வெறுப்பையும் படமெடுங்கள். தெரூவின் 2007 படத்தில் அந்தக் குடும்பம் தெருவோரம் பதாகைகளோடு நிற்கிறது. போகிற காரிலிருந்து யாரோ ஒரு பெரிய குளிர்பானக் கோப்பையை வீசுகிறார். அது ஒரு சிறுவன் தலையில் விழுகிறது. எறிந்தவர் நியாயத்தின் பக்கம் நின்று எறிந்ததாக நினைத்திருப்பார். அந்தப் பையனுக்கோ, உலகம் நம்மை வெறுக்கிறது, நம் வீடு மட்டுமே நமக்குப் பாதுகாப்பு என்று தாத்தா சொன்னதற்குக் கைமேல் சாட்சி கிடைத்துவிட்டது. ஆயிரம் பிரசங்கம் செய்யாத வேலையை அந்தக் கோப்பை செய்துவிட்டது. இந்தக் காட்சி தெரூவின் குழுவுக்குக் கிடைத்ததற்குக் காரணம், அவர்கள் தலைவரின் நேர்காணலோடு திருப்தி அடையாமல் தெருவில் குழந்தைகளோடு நின்றதுதான்.

4. குழந்தையிடம் கொள்கை கேட்காதீர்கள். மனப்பாடம்தான் வரும். அதே படத்தில் கையில் பிடித்திருக்கும் பதாகைக்கு என்ன அர்த்தம் என்று ஒரு சின்னப் பிள்ளையிடம் தெரூ கேட்க, பிள்ளைக்குச் சொல்லத் தெரியவில்லை. ஒருமுறை கேட்டது சரி. நீங்களும் போய் அதையே கேட்டால் நகல். கேமராவைப் பிள்ளையின் உயரத்துக்கு இறக்கி வைத்துவிட்டுச் சும்மா இருங்கள். என்ன விளையாடுகிறார்கள், யார் பேச்சுக்கு யார் பயப்படுகிறார்கள், சாப்பிடும்போது அப்பாவுக்குப் பக்கத்து இடம் யாருக்கு, எந்தத் தம்பி அண்ணனைப் பார்த்து நடக்கிறான். டெர்க்கியின் படம் இரண்டு அண்ணன் தம்பிகளைப் பிடித்துக்கொண்டே போகிறது. இருவரும் பயிற்சி முகாமுக்குப் போகிறார்கள். அங்கே, காலடியில் தோட்டா பாயப் பாய அசையாமல் கிடக்க அவர்களைப் பழக்குகிறார்கள். ஒருவன் அதிலேயே தொடர்கிறான், இன்னொருவன் பள்ளிக்குத் திரும்புகிறான். ஒரே அப்பா, ஒரே கூரை. ஏன் இருவரும் இரண்டு வழியில் போனார்கள் என்பதற்குப் படம் பதில் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் நான் நம்பியிருக்க மாட்டேன்.

5. அம்மா எங்கே?

டெர்க்கியின் படத்தில் அந்த வீட்டுப் பெண்கள் யாரும் திரையில் வருவதில்லை. அவர்களைப் படமெடுக்க அனுமதி இல்லை. கண்ணிவெடியில் பாதத்தை இழந்து அபு ஒசாமா வீட்டுக்குக் கொண்டுவரப்படும்போது அடுத்த அறையிலிருந்து அழுகை கேட்கிறது. முகம் காட்ட முடியாத இடத்தில் ஒலி எவ்வளவு சொல்லும் என்பதற்கு அந்தக் காட்சியைப் பாடமாக வைத்துக்கொள்ளுங்கள். ஒலிப்பதிவாளருக்குச் சம்பளம் குறைக்கப் பார்க்கும் இயக்குநர்களுக்காகவும் இதைச் சொல்கிறேன்.

கவ்தர் பென் ஹனியாவின் படம் இதற்கு நேர் எதிர் வாசல் வழியே நுழைகிறது. ஓல்ஃபா ஹம்ரூனி என்ற தாய்க்கு நான்கு மகள்கள். மூத்தவர்கள் இருவரும் லிபியாவுக்குப் போய் ஐஎஸ் அமைப்பில் சேர்ந்துவிட்டார்கள். மிச்சமிருப்பது தாயும் இரண்டு இளையவர்களும். இயக்குநர் முதலில் வழக்கமான ஆவணப்படமாகத்தான் ஆரம்பித்தார், பிறகு கைவிட்டார். தொலைக்காட்சிக்காரர்களிடம் பேசிப் பேசி ஓல்ஃபாவுக்கு ஒரு வேஷம் படிந்துபோயிருந்தது. கேமராவைக் கண்டதும் பரிதாபத் தாய் வந்து உட்கார்ந்துவிடுவார். சில வருடங்கள் கழித்து இயக்குநர் வேறு வழி கண்டுபிடித்தார். போய்விட்ட இரு மகள்களின் இடத்தில் இரண்டு நடிகைகள். தாயே தாங்க முடியாத காட்சிகளில் தாயாக நிற்க நடிகை ஹெண்ட் சப்ரி. வீட்டுக்குள் வந்துபோன ஆண்கள் அனைவருக்கும் சேர்த்து ஒரே நடிகர். பழையதை நடித்துக் காட்டச் சொல்லும்போது ஓல்ஃபாவும் மகள்களும் நடிகர்களைத் திருத்துகிறார்கள், தங்களுக்குள் சண்டை போடுகிறார்கள், விழுந்து விழுந்து சிரிக்கிறார்கள். அந்தச் சண்டையில்தான் உண்மை வெளியே வருகிறது. ஐஎஸ் அந்த வீட்டுக்குள் நுழைவதற்கு வெகுகாலம் முன்பே அடி உள்ளே வந்துவிட்டது. அடிபட்டே வளர்ந்த தாய், மகள்களின் கற்பைக் காப்பாற்றுவதாக நினைத்துத் தானும் அடித்தவர். மகள்களுக்கு முகத்திரை ஒரு கட்டத்தில் அம்மாவையே அடக்கும் ஆயுதமாகியிருக்கிறது.

ஒரு காட்சியில் அந்த ஆண் நடிகர், மாற்றாந்தகப்பன் செய்த கொடுமையைப் பற்றிய பகுதி வரும்போது, தொடர முடியாமல் படப்பிடிப்பை நிறுத்தச் சொல்கிறார். நிறுத்த வேண்டாம் என்று வாதாடுகிறவர் இளைய மகள்களில் ஒருவர். நமக்குத் தாங்கவில்லை என்பதற்காக அவர்கள் பேச்சை நிறுத்தும் உரிமை நமக்கு உண்டா? நான் அந்தப் பெண்ணின் பக்கம். ஆனால் அவர் அப்போது வளர்ந்த பெண் என்பதையும் கவனியுங்கள். பத்து வயதுக் குழந்தையாக இருந்திருந்தால் நடிகரின் பக்கம் நின்றிருப்பேன்.

6. பொய் சொல்லி உள்ளே போகாதீர்கள். டெர்க்கி போனாரே என்பீர்கள். போனார். அவர்கள் பக்கம் சாய்ந்த போர்ப் புகைப்படக்காரராகத் தன்னைக் காட்டிக்கொண்டார். இறைநம்பிக்கை இல்லாதவர் அவர்களோடு நின்று தொழுதார். அதற்காக அவரைத் திட்டியவர்கள் சிரியர்களிலேயே உண்டு. அவரது முந்தைய படம் 'ரிட்டர்ன் டு ஹோம்ஸ்', அதே போரின் தொடக்க வருடங்களில் கிளர்ச்சி செய்த இளைஞர்களோடு இருந்து எடுத்தது. தன் நாடு எரிவதை உள்ளிருந்து பார்த்தவருக்கு, அந்த நெருப்பு எங்கிருந்து வந்தது என்று தேடிப்போக ஒரு நியாயம் இருக்கிறது. மொழியும் ஊரும் அவருடையவை. மாட்டிக்கொண்டால் போவது அவர் உயிர். உங்களிடம் இருப்பது ஒரு நல்ல கேமராவும் திரைப்பட விழாக் கனவும். இரண்டும் ஒன்றல்ல. ராப் லீச் என்ற ஆங்கிலேய இளைஞர் 2011இல் பிபிசிக்காக எடுத்த 'மை பிரதர் தி இஸ்லாமிஸ்ட்' படத்தில், பெற்றோரின் மறுமணத்தால் தனக்குச் சகோதரரானவர் ஏன் இஸ்லாமியத் தீவிரவாதத்தின் பக்கம் போனார் என்று நேராகவே அவரிடம் போய்க் கேட்கிறார். சகோதரராகவே போனார், வேஷம் தேவைப்படவில்லை.

7. இசையைக் குறையுங்கள். சிறுவன் துப்பாக்கியைத் தொடும்போது தாழ்ந்த குரலில் ஒரு செல்லோ அழுதால் எனக்கு எழுந்து போய்விடத் தோன்றுகிறது. நாற்காலியில் உட்கார்ந்து விளக்கும் நிபுணரையும் முடிந்தவரை தவிருங்கள்.

8. திரும்பிப் போங்கள். அந்த வீட்டுக் கதை நீங்கள் எடுத்து முடித்த நாளில் முடியாது. தெரூவின் முதல் படத்தில் இளம் மேகன் சபையின் வாயாக நிற்கிறார், கேள்விக்கு மடக்கி மடக்கிப் பதில் சொல்கிறார். அதோடு விட்டிருந்தால் நம் மனதில் அவர் என்றும் அப்படியே நின்றிருப்பார். 2012 நவம்பரில் தங்கையோடு வெளியேறினார். அந்த முடிவின் பின்னணியில் ட்விட்டரில் அவரோடு மல்லுக்கட்டிய சில அந்நியர்கள் இருந்தார்கள். அவர்களில் ஒருவர் யூதர், மேகனின் வேதத்திலிருந்தே அவர் சபையின் முரணை எடுத்துக் காட்டியவர். வசை பாடாமல், கேலியும் கிண்டலுமாக, விடாமல் பேசிக்கொண்டிருந்தார்கள். 2019 படத்தில் தெரூ, வெளியே வந்துவிட்ட மேகனைச் சந்திக்கிறார். பெற்றவர்களும் கூடப் பிறந்தவர்கள் பலரும் இன்னும் உள்ளே. வெளியேறுவதற்கான விலை என்ன என்பது அப்போதுதான் நமக்குத் தெரிகிறது. முதல் படத்தால் அதைச் சொல்லியிருக்கவே முடியாது.

டெரெக் பிளாக்கின் கதையும் இப்படித்தான். வெள்ளை இனவாதிகளின் ஸ்டார்ம்ஃபிரண்ட் தளத்தை நிறுவியவரின் பிள்ளை. சிறு வயதிலேயே அந்தத் தளத்தில் குழந்தைகளுக்கான பக்கத்தைத் தயாரித்தவர். ஃப்ளோரிடாவில் கல்லூரிக்குப் போன இடத்தில் அடையாளம் தெரிந்து பலரும் ஒதுக்கியபோது, யூத மாணவர் ஒருவர் வெள்ளிக்கிழமை இரவுச் சாப்பாட்டுக்குக் கூப்பிட்டார். வாராவாரம் கூப்பிட்டார். 2013இல் டெரெக் அந்தக் கொள்கையைப் பகிரங்கமாகக் கைவிட்டார். அந்த மேசையில் யாராவது கேமரா வைத்திருந்தால் இது நடந்திருக்குமா என்று எனக்குச் சந்தேகம். சில இடங்களில் படமெடுக்காமல் இருப்பதும் நம் தொழில்தான்.

9. இத்லிப்புக்கும் கான்சஸுக்கும் டிக்கெட் போடப் பணமில்லையே என்று வருந்துகிறவர்களுக்கு: திருநெல்வேலிக்குப் பஸ் இருக்கிறது. 2023 ஆகஸ்டில் நாங்குநேரியில் பட்டியல் சாதி மாணவர் ஒருவரை, கூடப் படிக்கும் பையன்களே வீடு புகுந்து வெட்டினார்கள். அதன் பிறகு அரசு அமைத்த நீதிபதி கே. சந்துரு குழு, 2024 ஜூனில் கொடுத்த அறிக்கையில், மாணவர்கள் கையில் கட்டும் சாதி நிறக் கயிறுகளைத் தடை செய்யச் சொன்னது. அந்தக் கயிற்றை முதலில் கட்டிவிட்டது யார், எந்த வீட்டில், என்ன சொல்லிக் கட்டினார்கள்? இதை எடுக்கப் போகிறவர் வெட்டியவனின் தெருவுக்குப் போய் அவனுடைய பாட்டி கையால் காபி வாங்கிக் குடிக்க வேண்டியிருக்கும். அந்தக் காபி நன்றாகவே இருக்கும். இரண்டாவது எண்ணில் சொன்னது அப்போது புரியும்.

10. குழந்தையின் சம்மதத்தைப் பெற்றோர் தர முடியாது.

சட்டப்படி பெற்றோர் கையெழுத்து போதும் என்று தயாரிப்பு நிர்வாகி சொல்லுவார். சாதாரணப் படத்துக்கு அது சரி. இங்கே பெற்றோர் எதில் பெருமைப்படுகிறாரோ அதுதான் பிள்ளைக்குப் பிற்காலத்தில் ஆபத்து. மகன் முகமூடியோடு பயிற்சி எடுப்பதைப் படமெடுக்க அப்பா சந்தோஷமாக அனுமதிப்பார். அந்தப் பையன் 25 வயதில் வேறொரு நாட்டில் வேலை தேடும்போது அந்தக் காட்சியும் கூடவே வரும். 'ஜீசஸ் கேம்ப்' எடுத்தபோது வடக்கு டகோட்டாவில் அந்த முகாமை நடத்திய பெக்கி ஃபிஷருக்குப் படத்தில் பெரிய குறை தெரியவில்லை, தங்களை உள்ளபடி காட்டியதாகவே நினைத்தார். வெளியான பிறகு முகாம் நடந்த இடத்தைச் சிலர் சேதப்படுத்தினார்கள், முகாமே நின்றுபோனது. பெரியவர் அவர், சமாளித்துக்கொள்வார். கண்ணீர் வழியப் பிரார்த்தித்த பிள்ளைகளின் முகங்கள்தான் இன்னும் சுற்றிக்கொண்டிருக்கின்றன.

நம் ஊரில் எடுப்பதாக இருந்தால் 2015 சிறார் நீதிச் சட்டத்தின் 74ஆவது பிரிவைப் படித்துவிட்டுப் போங்கள். சட்டத்தோடு முரண்பட்டதாகச் சொல்லப்படும் சிறார், குற்றத்துக்கு ஆளான சிறார், சாட்சியான சிறார், இவர்களை அடையாளம் காட்டும் பெயர், முகவரி, பள்ளி, படம் எதையும் வெளியிடக் கூடாது. கண்ணை மட்டும் மங்கலாக்கிவிட்டு வேலை முடிந்தது என்று நினைக்காதீர்கள். ஊர்க்காரனுக்குக் குரல் போதும், வீட்டுக் கதவின் நிறம் போதும், பின்னால் கொடியில் காயும் பள்ளிச் சீருடை போதும். எடுத்த காட்சிகள் இருக்கும் ஹார்ட் டிஸ்கைப் பூட்டி வையுங்கள், கடவுச்சொல் போடுங்கள், யார் யாரிடம் நகல் இருக்கிறது என்று எழுதி வையுங்கள். போலீஸ் கேட்டால் என்ன செய்வது என்று படப்பிடிப்புக்குப் போகும் முன்பே ஒரு வக்கீலிடம் பேசிவிடுங்கள். கேட்ட பிறகு ஓடாதீர்கள்.

படத்துக்குப் பணம் போடுகிறவரிடம் முதல் சந்திப்பிலேயே ஒன்று கேளுங்கள். அந்தப் பிள்ளைக்கு 18 வயது ஆனதும் வந்து என் முகத்தை எடுத்துவிடுங்கள் என்று சொன்னால், எல்லாத் தளங்களிலிருந்தும் எடுப்பீர்களா, அதற்கான செலவை ஏற்பீர்களா, ஒப்பந்தத்தில் எழுதித் தருவீர்களா என்று. மழுப்பினால் வேறு ஆளைப் பாருங்கள்.